தைல டப்பி "முடியாது" என்றாள்

மியூ ஹிங் "முடியாது" என்று சொன்னபோது முதலில் யாருக்கும் அது காதில் ஏறவில்லை. அந்த வார்த்தை அவள் வாயிலிருந்து வந்து கேட்டவர்கள் அந்த ஸ்டூடியோவில் யாரும் இல்லை. விளக்குக்காரர் விளக்கைத் திருப்பிக்கொண்டிருந்தார். காமிராக்காரர் லென்ஸைத் துடைத்துக்கொண்டிருந்தார். டைரக்டர் மாக், வாயில் சிகரெட்டோடு, பழகியவர்களை அங்கே கூப்பிடுகிற மாதிரி பெயருக்கு முன்னால் ஒரு 'ஆ' போட்டு, "வா ஆ ஹிங், ஏறிப் படு, சாப்பாட்டுக்கு முன்னாடி முடிச்சிரலாம்" என்று சவப்பெட்டியைக் கை காட்டினார்.

அவள் செட்டின் வாசற்படிக்கு வெளியிலேயே நின்றாள். உள்ளே ஓர் இழவு வீட்டை எழுப்பி வைத்திருந்தார்கள். வெள்ளைத் துணி, காகித விளக்கு, ஊதுவத்திச் சட்டி, நடுவில் புது மரம் மணக்கும் பெட்டி. ஒரு கால் எடுத்து வைத்தால் உள்ளே போய்விடலாம். அந்தக் காலைத்தான் அவள் எடுத்து வைக்கவில்லை.

"என்னால இதுல படுக்க முடியாது, மாக் அண்ணே."

"என்னது?"

"முடியாது."

இப்போது எல்லோருக்கும் கேட்டது. விளக்குக்காரரின் கை அப்படியே நின்றது.

ஐம்பத்தேழாம் வருஷத்துக் கோடை அது. கௌலூனில் டைமண்ட் ஹில் அடிவாரத்தில் தகரக் கூரை போட்ட ஸ்டூடியோக்கள் வரிசையாக வெந்துகொண்டிருந்தன. அந்த அடிவாரத்தில் ஸெத்தோ மியூ ஹிங்குக்கு ஒரு பட்டப்பெயர் உண்டு: தைல டப்பி. தலைவலியா, வயிற்றுவலியா, கொசுக்கடியா, எதற்கும் ஒரே தைலம் என்று ஒவ்வொரு வீட்டிலும் ஒரு டப்பி இருக்குமே, அது மாதிரி. எந்தப் படத்தில் எந்த ஓட்டை இருந்தாலும் இவளைத் தடவி அடைத்துவிடலாம் என்று அர்த்தம். கேலிதான். ஆனால் அவள் அதை மெடல் மாதிரி குத்திக்கொண்டு திரிந்தாள்.

சும்மா கிடைத்த பெயரா அது? காண்டனில் ஒரு நாடகக் குழுவில் வாள் தூக்கி நிற்கும் சின்னப் பையன் வேஷத்தில் ஆரம்பித்தவள். சண்டைக் காலத்தில் குழு சிதறியபோது படகேறி மக்காவ் போய், அங்கே பசியைப் பார்த்துவிட்டு, ஹாங்காங் வந்து சேர்ந்தாள். மாக் தன் முதல் படத்தில் அவளுக்கு ஒரு வேலைக்காரி வேஷம் கொடுத்தார். கதவைத் திறந்து பார்த்து ஒரு அலறு அலற வேண்டும், அவ்வளவுதான். அந்த அலறலைக் கேட்டு அடுத்த செட்டிலிருந்து ஆட்கள் ஓடி வந்துவிட்டார்கள். அப்புறம் வாய்ப்புக்குக் குறைவே இல்லை. விதவை, வைப்பாட்டி, குருட்டுப் பூக்காரி, வாள் வீசும் வீராங்கனை, மீசை வைத்த பரீட்சை மாணவன். காலையில் தளபதியாகக் கவசம் போட்டவள் சாயங்காலம் மருமகளை அடிக்கும் மாமியாராக உட்கார்ந்திருப்பாள்.

காண்டனீஸ் படம் மட்டும் என்றில்லை. சிங்கப்பூருக்கும் மணிலாவுக்கும் போகிற ஹொக்கியன் படங்களில் நடிக்கக் கூப்பிட்டபோது அவளுக்கு அந்தப் பேச்சில் ஒரு சொல் தெரியாது. சந்தையில் ஷியாமெனிலிருந்து வந்த ஒரு மீன்காரியின் பக்கத்தில் கூடையைக் கவிழ்த்துப் போட்டு உட்கார்ந்து கற்றுக்கொண்டாள். அதனால் அவள் பேசிய ஹொக்கியனில் கொஞ்சம் மீன் நாற்றமும் நிறைய வசவும் கலந்திருந்தது. மணிலாக்காரர்கள் சொக்கிப்போனார்கள். ஷாங்காயிலிருந்து வந்து மாண்டரின் படம் எடுக்கும் பெரிய மனிதர்கள், "தெற்கத்திக்காரிக்கு எங்க பேச்சு எங்க வரப்போகுது" என்று மூக்கைச் சுளித்தார்கள். ஒரே வருஷத்தில் அவர்கள் படத்திலேயே பள்ளிக்கூட ஆசிரியையாக நின்று பாடம் நடத்தினாள்.

இதற்கெல்லாம் மூல மந்திரம் ஒன்றே ஒன்று. எது கேட்டாலும் "சரி" என்பாள். சுவரேறிக் குதிக்கணுமா? சரி. மார்கழிக் குளிரில் குளத்தில் நிற்கணுமா? சரி.

அந்தச் சுவரும் குளமும்தான் இந்தக் கதைக்குக் காரணம். சுவரிலிருந்து குதித்தபோது அவள் வயிற்றில் ஒன்று இருந்தது. அது தங்கவில்லை. இரண்டு வருஷம் கழித்துக் குளத்தில் நின்றபோது இன்னொன்று இருந்தது. அதுவும் தங்கவில்லை. இரண்டு தடவையும் அடுத்த வாரமே வேஷம் கட்டிக்கொண்டு வந்து நின்றாள். இரண்டு தடவையும் அழ நேரமில்லை. கிளிசரின் போட்டு வேறு யாருக்காகவோ அழுதுகொண்டிருந்தாள்.

அந்த இரண்டு முறையும் அவள் ஒரு தப்புச் செய்திருந்தாள். அங்கே யாரைக் கேட்டாலும் அதைத் தப்பு என்றுதான் சொல்வார்கள். கரு உண்டானால் மூன்று மாதம் முடிகிறவரை வாய் திறக்கக் கூடாது. குழந்தை அற்பக் கோபக்காரப் பிறவி. தன் பேச்சு வெளியே அடிபட்டால் முறுக்கிக்கொண்டு போய்விடும். ஹிங் அதையெல்லாம் சட்டை செய்யாமல் முதல் தடவை செட் முழுக்கக் கேக் கொடுத்தாள். இரண்டாம் தடவை மேக்கப் அறையில் சொல்லிச் சிரித்தாள். இப்போது மூன்றாவது. அவளுக்கு முப்பத்தாறு வயது. வைத்தியர் நாடி பார்த்துவிட்டு, "இது கடைசிப் பஸ், அம்மா. தவற விட்டுராதீங்க" என்று சொல்லியிருந்தார். மூன்று மாதம் முடிய இன்னும் ஒரு வாரம் இருந்தது. ஃபெர்ரியில் எஞ்சின் பார்க்கும் புருஷன் கெய் சாங்கையும் அந்த வைத்தியரையும் தவிர வேறு ஒரு உயிருக்குத் தெரியாது.

வாயைத் திறந்து சொன்னால் குழந்தை போய்விடும். சொல்லாமல் பெட்டியில் ஏறிப் படுத்தாலும் போய்விடும். வயிற்றுப் பிள்ளைக்காரி சவப்பெட்டியைத் தொடுவதா? இழவு வீட்டுப் படியே மிதிக்கக் கூடாது. இது உண்மையான இழவா, வேஷ இழவா என்று பார்க்க வயிற்றில் இருப்பதற்குக் கண்ணா இருக்கிறது?

இந்தச் சங்கடம் முன்கூட்டியே தெரிந்திருந்தால் உடம்பு சரியில்லை என்று வீட்டிலேயே கிடந்திருப்பாள். ஆனால் அந்தப் படங்களுக்குக் கதை அன்றன்று காலையில்தான் பிறக்கும். டீக்கடை மேசையில் எழுதி, மை காயாத காகிதமாக ஓர் ஆள் சைக்கிளில் கொண்டுவருவான். இந்தப் படத்தில் அவள்தான் தாய், அவள்தான் மகள். மகள் காதலனோடு கப்பலேறிப் போவதாகத்தான் போன வாரம் வரை இருந்தது. படத்தை வாங்கிய சிங்கப்பூர்க்காரர், "ஓடிப்போறது பழசு. மக சாகட்டும். பெட்டிக்குள்ள மக, பெட்டிக்கு மேல அம்மா, ரெண்டும் ஒரே முகம், ஒரே ஷாட்ல காட்டுங்க" என்று தந்தி அடித்துவிட்டார். லென்ஸில் பாதியை மறைத்து ஒரு தரம், பிலிமைத் திருப்பிச் சுற்றி மறு பாதியில் ஒரு தரம் எடுக்கிற வித்தை. காமிராக்காரர் மூன்று ராத்திரி தூங்காமல் அதற்கு அட்டை வெட்டி வைத்திருந்தார். மகள் செத்த காகிதம் ஹிங் கைக்கு இன்று காலைதான் வந்தது.

தயாரிப்பாளர் யிப் முதலாளி விஷயம் கேட்டு விசிறியோடு வந்தார். ஆள் குள்ளம், குரல் ஆறடி.

"என்ன ஹிங், பிண வேஷத்துக்குப் பயமா? இந்தா." சட்டைப் பையிலிருந்து ஒரு சிவப்பு உறையை எடுத்து நீட்டினார். செத்தவர் வேஷம் போடுகிறவருக்கு ஏறிப் படுக்கும் முன்னால் சிவப்பு உறையில் பணம் வைத்துக் கொடுத்துத் தோஷம் கழிப்பது அங்கே வழக்கம். "வாங்கிக்கோ. படு. எழுந்திரு. முடிஞ்சுது."

அவள் வாங்கவில்லை. கையைப் பின்னால் கட்டிக்கொண்டாள். நீட்டிய சிவப்பு உறையை மறுப்பது முகத்தில் துப்புவதற்குச் சமம். யிப்பின் காது சிவந்தது. இன்னொரு உறையை எடுத்து அதன்மேல் வைத்தார்.

"ரெண்டு. போதுமா?"

"பணத்துக்காக இல்ல முதலாளி."

"பின்ன எதுக்காக?"

நிறைய பொய் சொல்லத் தெரிந்தவள்தான், அதுதானே பிழைப்பு. ஆனால் அன்றைக்கு ஒரு பொய்யும் நாக்கில் ஏற மறுத்தது.

"நான் சொல்றேன் எதுக்காகன்னு" என்றார் யிப். "நேத்து சாயங்காலம் அந்தப் புதுக் கம்பெனி கார்ல ஏறி எங்க போனே? பார்த்த ஆள் இருக்கான். அந்த மாண்டரின் துரைமாருங்க உன்னை வாங்கிட்டாங்க. என் படத்தைப் பாதியில நடுத்தெருவுல விட்டுட்டு வான்னு சொல்லிட்டாங்க. அதானே?"

அவள் போனது வைத்தியர் வீட்டுக்கு. மழை பெய்ததால் அந்தக் கம்பெனியில் தெரிந்த ஒருவர் காரில் ஏற்றிக்கொண்டார். அதை எப்படிச் சொல்வது? வைத்தியர் என்றால் என்ன நோய் என்பார்கள்.

"யாரும் என்னை வாங்கல."

"அப்போ ஏறிப் படு! அஞ்சு மணிக்கு அடுத்த கம்பெனி வந்து செட்டைப் பிரிச்சிருவான். ஆ ஹிங், கேட்டுக்கோ. இன்னைக்கு நீ படுக்கலேன்னா இந்த அடிவாரத்துல ஒரு கதவும் உனக்குத் திறக்காது. எனக்கு எல்லாக் கதவும் தெரியும்."

சும்மா மிரட்டுகிற ஆள் இல்லை அவர். போன வருஷம் ஒரு காமெடியனை அப்படித்தான் ஒழித்துக் கட்டினார். அவன் இப்போது மோங்காக்கில் நூடுல்ஸ் விற்கிறான். நல்ல நூடுல்ஸ்தான், ஆனாலும் பாவம்.

மாக் அவளைத் தனியாக ஓரத்துக்குக் கூட்டிக்கொண்டு போனார். பதினோரு வருஷப் பழக்கம். அவருக்குக் கோபத்தைவிட மனத்தாங்கல்தான் அதிகம்.

"என்கிட்டயாவது சொல்லேன். உன்னை என்னைக்காவது நான் ஏமாத்தி இருக்கேனா?"

"இல்லண்ணே."

"அந்த முட்டாள் சொல்றது நிஜமா? அங்க போகப் போறியா? போறதுன்னா போ, நான் தடுக்க மாட்டேன். ஆனா என் முகத்தைப் பார்த்துச் சொல்லிட்டுப் போ."

அவளுக்குச் சொல்லிவிடலாம் என்றே தோன்றியது. மாக் நல்லவர். ஒரு வாரம்தானே பாக்கி, ஒரு வாரத்துக்கு முன்னால் ஒரே ஒரு மனிதரிடம் மெதுவாகச் சொன்னால் என்ன ஆகிவிடும்? உதட்டைப் பிரித்தாள். அந்த நேரம் பார்த்து கை டாக் விமான நிலையத்தில் இறங்கப்போகிற விமானம் ஒன்று கூரையை உரசுகிற மாதிரி இரைந்துகொண்டு போனது. அங்கே விமானம் போனால் யாராக இருந்தாலும் பேச்சை நிறுத்திவிட்டுக் காத்திருப்பார்கள், பழகிப்போன விஷயம். இரைச்சல் அடங்கியபோது அவள் உதடு மூடியிருந்தது. அது ஓர் எச்சரிக்கை என்று அவளுக்குப் பட்டது.

"என்னை ஒண்ணும் கேட்காதீங்கண்ணே. கால்ல வேணா விழறேன்."

மாக் சிகரெட்டைக் கீழே போட்டு வேண்டியதற்கு மேல் அழுத்தி மிதித்தார். "சரி. இனிமே நான் உனக்கு அண்ணன் இல்ல, டைரக்டர்" என்று சொல்லிவிட்டு நடந்தார். அவளுக்கு நெஞ்சில் சுருக்கென்றது. யிப் மிரட்டியபோதுகூட அப்படி வலிக்கவில்லை.

அவர் போன கோபத்தில் தச்சன் ஆ சுன்னைப் பார்த்துக் கத்தினார். "அந்தப் பெட்டி ஏன்டா ஆடுது? கால்ல ஆணி அடி! அவ எப்படியும் படுத்துத்தான் ஆகணும்!"

ஆ சுன் சுத்தியலை எடுத்தான். டக். ஹிங் திடுக்கிட்டாள். டக். அவள் கை தானாக அடிவயிற்றுக்குப் போனது. சட்டென்று இழுத்துக்கொண்டாள். கருவைக் காக்கிற தெய்வம் ஒரு நாள் அடுப்பில் இருக்கும், ஒரு நாள் கட்டிலில், ஒரு நாள் வாசலில். எங்கே இருக்கிறது என்று தெரியாமல் பக்கத்தில் ஆணி அடித்தால் அது பிள்ளை மேல் விழும். டக். கை மறுபடி போனது.

அவளுடைய சவுரியைச் சீவிக்கொண்டு மூலையில் உட்கார்ந்திருந்த லுக் சித்தி அதைப் பார்த்தாள். ஸ்டூடியோவுக்கே தலை அலங்காரம் அவள்தான். ஆறு பெற்று நாலை வளர்த்தவள். ஒரு வாரமாக ஹிங் உப்பிட்ட பிளம்ஸாகச் சாப்பிடுவதையும், நண்டை ஒதுக்கியதையும், தலையில் முடி சுருட்டும் சூடான கம்பி வைக்க விடாததையும் பார்த்து, "நடிகைக்குத் திமிர் ஏறிப்போச்சு" என்று மனதுக்குள் திட்டிக்கொண்டிருந்தவள், இப்போது சீப்பைக் கீழே போட்டுவிட்டு எழுந்தாள்.

"அடேய் ஆ சுன்! குடு அதை இங்க!"

"சித்தி, டைரக்டர்தான்..."

"குடுன்னா குடு!" சுத்தியலைப் பிடுங்கி, முக்காலியின் மேல் வைத்து, அதன்மேல் தானே உட்கார்ந்துகொண்டாள். ஆள் கனம். அவளை எழுப்பிச் சுத்தியலை எடுக்க ஊரில் யாருக்கும் தெம்பு கிடையாது.

ஆ சுன் சித்தியைப் பார்த்தான். சித்தி ஹிங் பக்கம் கண்ணை மட்டும் திருப்பினாள். அவன் ஹிங்கைப் பார்த்தான், அவள் கையைப் பார்த்தான். மூன்று குழந்தைக்காரன். அவன் பெண்டாட்டி மாசமாக இருந்தபோது ஒருநாள் சுவரில் காலண்டர் மாட்டப் போய், மாமியாரிடம் வாங்கிய வசவு இன்னும் காதில் இருந்தது. அவன் முகம் வெளுத்தது.

"என்னடா ஆச்சு?" என்றார் யிப்.

"சுத்தியல்... பிடி கழண்டுபோச்சு முதலாளி."

"வேற எடு!"

"வேற இல்ல முதலாளி. எல்லாத்துக்கும் பிடி கழண்டுபோச்சு."

யிப் விளக்குக்காரரைப் பார்த்தார். அவரும் ஆ சுன்னும் பக்கத்துப் பக்கத்து வீட்டுக்காரர்கள். ஒரு பார்வையிலேயே பாதி புரிந்துவிட்டது. "பெரிய லைட்டு போச்சு முதலாளி" என்றார், எரிந்துகொண்டிருந்த லைட்டுக்குக் கீழே நின்றுகொண்டு. காமிராக்காரர் மூன்று ராத்திரி வெட்டிய அட்டையைக் கையில் எடுத்து ஒரு நிமிஷம் பார்த்தார். பிறகு இரண்டாக மடித்துப் பையில் போட்டுக்கொண்டு, "லென்ஸ்ல ஈரம்" என்றார்.

யாரும் எதையும் வாய் திறந்து சொல்லவில்லை. சொல்லக் கூடாதே! யிப் மட்டும் குழம்பிப்போய் நின்றார். "என்னய்யா இது, ஸ்டிரைக்கா? எல்லாரையும் வாங்கிட்டானா அவன்?"

மாக்குக்கும் புரியவில்லை. ஐந்து பிள்ளைகளுக்குத் தகப்பன்தான். ஆனால் ஐந்தும் பிறந்தபோது அவர் செட்டில் இருந்தார். வெயிலுக்கு வந்த கசப்புக் கஷாயத்தில் ஒரு கிண்ணத்தை எடுத்து ஹிங்கிடம் கொண்டுபோனார். கோபம் ஆறி, சமாதானம் பேசலாம் என்று. "இந்தா, குடி. சூடு தணியும். அப்புறம் பேசலாம்."

அவள் வாங்கிக்கொண்டாள். வாங்காமல் எப்படி இருப்பது, அவர் இறங்கி வந்திருக்கிறார். ஆனால் குடிக்கவில்லை. குளிர்ச்சி செய்கிற கஷாயம் வயிற்றுப் பிள்ளைக்கு ஆகாது. கிண்ணத்தைக் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றாள். லுக் சித்தி முக்காலியைவிட்டு எழாமலே கை நீட்டி அதைப் பிடுங்கி, ஒரே மடக்கில் குடித்து, முகத்தைக் கோணிக்கொண்டாள்.

"எனக்குத்தான் சூடு" என்றாள்.

மாக் காலிக் கிண்ணத்தைப் பார்த்தார். சித்தி உட்கார்ந்திருந்த சுத்தியலைப் பார்த்தார். ஹிங் ஏன் வாசற்படிக்கு வெளியிலேயே நிற்கிறாள் என்று பார்த்தார். வீட்டில் அவர் மனைவி ஐந்து தடவையும் செய்ததெல்லாம் ஒவ்வொன்றாக ஞாபகம் வந்தது போல. வாயிலிருந்த புது சிகரெட் கீழே விழுந்தது.

"நான் ஒரு..." என்று ஆரம்பித்து, மிச்சத்தை விழுங்கினார். அவள் கண்ணில் தண்ணீர் தளும்பியது. "சொல்லாதே" என்றார் மாக் அவசரமாக. "ஒண்ணும் சொல்லாதே. நான் ஒண்ணும் கேட்கல. எனக்கு ஒண்ணும் தெரியாது."

நேரே யிப்பிடம் போனார். "பெட்டி வேண்டாம்."

"என்ன வேண்டாம்?"

"பெட்டியைப் பார்க்கச் சகிக்கல. மட்டமான மரம்."

"யோவ், சிங்கப்பூர்க்காரன் காசு குடுத்ததே ரெண்டு முகத்துக்கு! பெட்டி இல்லேன்னா படமே இல்ல!"

அப்போது ஹிங் குரல் கொடுத்தாள். "முதலாளி, அடுப்படி செட்டை இன்னும் பிரிக்கலதானே? நான் அம்மாவா வர்றேன். மக செத்த அன்னைக்கு ராத்திரி அம்மா சோறு போட்டுட்டு உட்கார்ந்திருக்கா. அவ்வளவுதான். வசனம் வேண்டாம்."

"சோறு போடறதைப் பார்க்கவா ஜனம் டிக்கெட் வாங்குது?"

"ஒரு தடவை எடுத்துப் பாருங்க."

யிப் விசிறியை மடித்து அவள் முகத்துக்கு நேரே நீட்டினார். "சரி. நான் அங்கதான் நிப்பேன். என் கண்ணுல தண்ணி வரணும். என் அப்பன் செத்தப்போகூட வராத கண்ணு இது. வரலேன்னா அஞ்சு மணிக்கு முன்னாடி நீ பெட்டியில படுக்கணும். இல்லேன்னா இந்த மலையை மறந்துரணும். சம்மதமா?"

"சரி" என்றாள். அந்தப் பழைய "சரி" தான்.

லுக் சித்தி நரைத்த சவுரியை வைத்துக் கட்டும்போது கண்ணாடியில் ஹிங்கைப் பார்த்தாள். "பார்த்துடி பொண்ணே" என்றாள், அவ்வளவுதான்.

அடுப்படி செட்டில் ஆ சுன் மேசை போட்டு இரண்டு கிண்ணம் வைத்தான். தாய்க்கு ஒன்று, செத்த மகளுக்கு ஒன்று.

"இன்னொண்ணு வை" என்றாள் ஹிங்.

"வீட்டுல ரெண்டு பேர்தானே அக்கா?"

"வை ஆ சுன்."

அவன் மாக்கைப் பார்த்தான். மாக்குக்கும் முதலில் கணக்கு இடித்தது. சுவர் ஞாபகம் வந்தது. குளம் ஞாபகம் வந்தது. இரண்டு காட்சியும் அவருடைய படம்தான், குதி என்றும் நில் என்றும் சொன்னது அவர்தான். "அவ கேக்கறதை வை" என்றார்.

போன லைட்டும் ஈரமான லென்ஸும் எப்படியோ சரியாகிவிட்டன. காமிரா ஓடியது.

அவள் மூன்று கிண்ணத்திலும் சோறு போட்டாள். உப்புக் கருவாட்டைக் குச்சியால் பிய்த்து, முள்ளை ஒவ்வொன்றாக எடுத்தாள். பொறுமையாக எடுத்தாள், சின்னக் குழந்தைக்கு எடுக்கிற மாதிரி. முதல் துண்டை ஒரு கிண்ணத்தில் வைத்தாள். அடுத்ததை மற்றதில் வைக்கப்போய், நிறுத்தி, எடை பார்க்கிறது போலப் பார்த்து, பெரிய துண்டாக மாற்றி வைத்தாள். எது பையன், எது பெண்? அவளுக்குத் தெரியாது. அதைத் தெரிந்துகொள்ள அவளுக்கு யாரும் அவகாசம் கொடுக்கவில்லை, அவளும் கேட்கவில்லை. அடுத்த வாரமே வேஷம் கட்டப் போய்விட்டாள். சாப்பிடக் கூப்பிடாமலே விட்டுவிட்டேனே என்று அந்த நிமிஷம்தான் அவளுக்கு உறைத்தது.

கூடவே பயமும் பிடித்துக்கொண்டது. போனதுகளைக் கூப்பிட்டு உட்கார வைக்கிறேனே, அதுகள் கூட விளையாட வா என்று இதையும் அழைத்துக்கொண்டு போய்விட்டால்? பெட்டிக்குப் பயந்து இதைவிட மோசமானதைச் செய்கிறோமோ? எழுந்துவிடலாமா? எழுந்தால் எல்லாம் போச்சு. இடது கையை மேசைக்கு அடியில் கொண்டுபோய் வயிற்றின்மேல் அழுத்தி வைத்துக்கொண்டாள். நீ இரு, நீ அசையாதே, இது உன் சாப்பாடு இல்லை, உனக்கு அப்புறம் தருகிறேன் என்று அதனிடம் மனதுக்குள் சொன்னாள். வலது கை மேசைமேல் கிண்ணங்களை நகர்த்தி வைத்தது.

"சாப்பிடுங்க" என்றாள், எதிரே பார்த்து.

அந்த நேரம் தலைக்குமேல் ஒரு விமானம் இரைந்தது. ஒலிப்பதிவாளர் கை தூக்கினார். மாக் "கட்" சொல்லவில்லை. இரைச்சல் போகும்வரை அவள் அப்படியே காத்திருந்தாள், அந்தப் பக்கத்துக்காரர்கள் எல்லாரும் காத்திருப்பது போல. போன பிறகு, முன்பு சொன்னது அவர்கள் காதில் விழவில்லையோ என்று மறுபடி கொஞ்சம் சத்தமாக, "சாப்பிடுங்க, ஆறிப்போகுது" என்றாள். அவள் அழவில்லை. மேசையில் சிந்திய ஒரு சோற்றுப் பருக்கையை எடுத்துத் தன் வாயில் போட்டுக்கொண்டாள்.

பிலிம் தீர்ந்து காமிரா தானாக நின்றது. லுக் சித்தி சட்டைக் கையால் மூக்கைச் சிந்தும் சத்தம் மட்டும் கேட்டது.

எல்லோரும் யிப்பைத் திரும்பிப் பார்த்தார்கள். அவர் சுவர்ப் பக்கம் திரும்பி நின்றிருந்தார். விசிறி தலைகீழாக இருந்தது.

"கிண்ணம் ஒண்ணு கூடுதல்" என்றார், சுவரைப் பார்த்தபடியே. "ஜனம் குழம்பும். அது தப்பு." விசிறியை நேராக்கிக்கொண்டு, "இருக்கட்டும்" என்றார். போகும்போது அந்த இரண்டு சிவப்பு உறைகளையும் யாரிடமும் கொடுக்காமல் ஸ்டூடியோ சாமி மாடத்தில் வைத்துவிட்டுப் போனார். அவருக்கு எப்போது விஷயம் புரிந்தது என்று கடைசிவரை யாருக்கும் தெரியாது.

அடுத்த வாரம் மூன்று மாதம் முடிந்ததும் ஹிங் மாக் வீட்டுக்குப் போய், "அண்ணே, ஒரு சேதி" என்றாள். அந்த மனிதர் காதைப் பொத்திக்கொண்டார். "இன்னும் ரெண்டு நாள் போகட்டும். உன் கணக்கு தப்பா இருந்துட்டா? சினிமாக்காரி கணக்கை நம்ப முடியாது."

புது வருஷக் குளிரில் பெண் குழந்தை பிறந்தது. நிங் என்று பெயர் வைத்தார்கள். குழந்தைக்கு ஒரு மாதம் நிறைந்த அன்று சிவப்புச் சாயம் தோய்த்த முட்டையும் ஊறுகாய் இஞ்சியும் ஸ்டூடியோவில் ஒருத்தர் விடாமல் போய்ச் சேர்ந்தது. யிப் முதலாளி இரண்டு முட்டை தின்றுவிட்டு, "எப்போ வேலைக்கு வருவா?" என்று கேட்டாராம். வந்தாள். கிழவியாக, கள்ளியாக, போலீஸ்காரனாக, எல்லாமாகவும் நடித்தாள். ஆனால் அந்த ஒரு வார்த்தை அவளிடமே தங்கிவிட்டது. அவ்வப்போது "முடியாது" என்பாள். அப்போது யாரும் காரணம் கேட்பதில்லை.

அந்த மூன்றாவது கிண்ணத்தைப் பற்றிப் பத்திரிகைக்காரர்கள் கேலியாக எழுதினார்கள். ஆ சுன், "நான்தான் தப்பா வச்சுட்டேன்" என்று சாகும்வரை பழியைத் தன் தலையில் போட்டுக்கொண்டான்.

நிங்குக்கு ஒன்பது வயதில், யாவ் மா டெய் பக்கம் ஒரு பழைய தியேட்டரில் அந்தப் படத்தை மதியக் காட்சி போட்டார்கள். தாயும் மகளும் தர்பூசணி விதை கொறித்துக்கொண்டு பார்த்தார்கள். அடுப்படிக் காட்சி வந்ததும் நிங் நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

"அம்மா, அந்த வீட்டுல அம்மாவும் பொண்ணும் மட்டும்தானே? எதுக்கு மூணு கிண்ணம்?"

ஹிங் கையிலிருந்த விதையைப் பொட்டலத்தில் திரும்பப் போட்டாள்.

"ஒண்ணு என்னோடது. மத்த ரெண்டும் உனக்கு முன்னாடி வந்துட்டுப் போனவங்களோடது. உன் அக்காவோ அண்ணனோ, எது யாரோடதுன்னு எனக்கே தெரியாது."

நிங் திரையையே பார்த்தாள். சோறு ஆவி விட்டுக்கொண்டிருந்தது.

"எனக்கு வைக்கலியா?"

"நீ மேசைக்குக் கீழ இருந்தே. உன்னை விட்டுருவேனோன்னு பயந்து இந்தக் கையால பிடிச்சுட்டு இருந்தேன்."

நிங் திரையில் அம்மாவின் இடது கையைத் தேடினாள். அங்கே அது தெரியவில்லை. இருட்டில் பக்கத்து நாற்காலிக்குக் கை நீட்டி அதைப் பிடித்துக்கொண்டாள்.